டீ மேக்கர் வீட்டில் ஆரஞ்சு கேக்

எங்கள் வீட்டுக்குள் ஆரஞ்சு வரக் கூடாது. இதைச் சொன்னால் இப்போது யாரும் நம்புவதில்லை. பர்லியார் சரிவிலிருந்து கமலா ஆரஞ்சு கூடை கூடையாக பஸ் ஏறி வரும் ஊரில் பிறந்துவிட்டு, பன்னிரண்டு வயது வரை அதை ரோட்டில் நின்றுதான் தின்றிருக்கிறேன். தின்று முடித்து, வாய் கொப்பளித்து, கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, ஒரு தடவை முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் வாசல் ஏற வேண்டும்.

அப்பா டீ மேக்கர். குன்னூருக்கும் கோத்தகிரிக்கும் நடுவில் ஒரு சின்ன ஃபேக்டரி. சுற்றுவட்டாரத்துச் சிறு விவசாயிகளிடம் பச்சைத்தேயிலை வாங்கித் தூளாக்கி விற்கும் இடம். இலை எவ்வளவு நேரம் வாட வேண்டும், எப்போது அதைச் சூட்டில் காய வைக்கும் ட்ரையருக்குள் விட வேண்டும், எப்போது வெளியே எடுக்க வேண்டும் என்று முடிவு செய்கிறவர் அவர். முடிவு செய்தது பெரும்பாலும் அவருடைய மூக்குதான். ஃபேக்டரியிலிருந்து இருபது எட்டு வைக்கும் தூரத்தில், கீழே, கம்பெனி கொடுத்த இரண்டு அறை வீட்டில் நாங்கள் மூன்று பேர்.

தேயிலைக்கு ஒரு கெட்ட குணம். பக்கத்தில் என்ன வாசனை இருந்தாலும் பிடித்துக்கொள்ளும், பிறகு விடவே விடாது. அதனால் அப்பாவுக்கு ஆகாதவை நிறைய இருந்தன. மல்லிகை ஆகாது, ஊதுபத்தி ஆகாது, வாசனை எண்ணெய் ஆகாது, பச்சை வெங்காயம் ஆகாது. எல்லாவற்றுக்கும் மேலே ஆரஞ்சுத் தோல். எங்கோ ஒரு ஃபேக்டரியில் யாரோ ஒருவர் ஆரஞ்சு உரித்த கையோடு தூளை அள்ளப்போய், அந்தச் சரக்கு முழுவதும் திரும்பி வந்ததாம். அந்த ஆளை அப்பா பார்த்தது கூடக் கிடையாது. ஆனாலும் சொத்தைப் பிடுங்கிக்கொண்ட பங்காளியைத் திட்டுவதுபோல வருஷம் பூராவும் அவரைத் திட்டுவார்.

இதில் மாட்டிக்கொண்டது அம்மா. அவளுக்குத் தலை நிறையப் பூ வைக்கப் பிடிக்கும். ஃபேக்டரிக்கு லீவு விடும் ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான் வைக்க முடியும். கோபிப் பக்கத்திலிருந்து மலையேறி வந்த குடும்பம் எங்களுடையது. கீழே ஒரு விசேஷத்துக்குப் போனால் சொந்தக்காரப் பெண்கள் அம்மாவைச் சுற்றி உட்கார்ந்துகொண்டு கேலி செய்வார்கள். "ஏம்புள்ள, உன்ற ஊட்டுக்காரரு பூ வாங்கிக் குடுக்கவே மாட்டாரா?" என்பார்கள். "அவருக்கு டீத்தூள்தான் மொதப் பொண்டாட்டி" என்று அம்மா சிரித்துக்கொண்டே பதில் சொல்வாள்.

பிறகு டீ விலை விழுந்தது. ஏன் விழுந்தது என்று பெரியவர்கள் ஆளுக்கு ஒரு காரணம் சொன்னார்கள். எனக்குத் தெரிந்ததெல்லாம் கண்ணுக்கு முன்னால் நடந்ததுதான். பறிக்கிற கூலிக்குக் கூடக் கட்டாது என்று படகர் தோட்டங்களில் இலையைச் செடியிலேயே விட்டுவிட்டார்கள். இடுப்பு உயரத்தில் மட்டமாக இருந்த செடிகள் ஆள் உயரத்துக்கு வளர்ந்து, பள்ளிக்கூடம் போகும் பாதை தெரியாமல் போனது. வாரத்தில் ஆறு நாள் ஓடிய ஃபேக்டரி நாலு நாள் ஓடியது, அப்புறம் இரண்டு நாள். ஓடாத நாள் கூடக்கூட அம்மா தலையில் பூ கூடியது. அம்மா எவ்வளவு அழகாக இருக்கிறாள் என்று நான் அப்போது சந்தோஷப்பட்டேன். இன்றைக்கு அதை நினைத்தால் என் கன்னத்தில் நானே ஒன்று போட்டுக்கொள்ளலாம் போலிருக்கிறது.

எங்கள் வரிசையிலேயே மூன்று வீடுகள் பூட்டிக்கொண்டு திருப்பூருக்கு இறங்கிவிட்டன. அங்கே இருந்த என் மாமா, அம்மாவின் தம்பி, பனியன் கம்பெனியில் அப்பாவுக்கும் அம்மாவுக்கும் இடம் பார்த்து வைத்திருப்பதாகச் சொல்லியனுப்பிக்கொண்டே இருந்தார். அப்பா மலையைவிட்டு இறங்கவே மாட்டேன் என்றார். அம்மாவுக்கும் இறங்க மனசில்லை. ஆனால் ஃபேக்டரியை மூடிவிட்டால் வீட்டையும் காலி செய்ய வேண்டும், மாட்டேன் என்று சொல்லிக்கொண்டிருந்தால் மட்டும் ஆகாது என்பது அவளுக்குத் தெரிந்திருந்தது. குன்னூரில் ஒரு சமுதாயக் கூடத்தில் பெண்களுக்கு ஒரு மாத பேக்கரி வகுப்பு நடந்தது. அம்மா அதில் போய்ச் சேர்ந்துகொண்டாள்.

வகுப்பு முடிகிற சமயத்தில் ஒரு வழி திறந்தது. குன்னூரில் பழைய பங்களா ஒன்றை விடுதியாக நடத்தி வந்த அம்மையார் ஒருவர், கேக் செய்யத் தெரிந்த ஆள் வேண்டும் என்று வகுப்பு டீச்சரிடம் கேட்டிருந்தார். ஆரஞ்சும் வால்நட்டும் போட்ட கேக் ஒன்றை வீட்டிலேயே செய்து, வியாழக்கிழமை கொண்டுவந்து காட்ட வேண்டும். பிடித்திருந்தால் வேலை. பங்களாவின் பின்பக்கம் குடும்பத்தோடு தங்க இரண்டு அறையும் உண்டு. வால்நட்டை மட்டும் அவரே ஒரு பொட்டலம் கட்டிக் கொடுத்தனுப்பியிருந்தார்.

அதே வியாழக்கிழமைதான் ஃபேக்டரிக்குக் கோயமுத்தூர் வியாபாரி ஒருவர் வருவதாக இருந்தது. டீயைக் குடித்துப் பார்த்து, பிடித்தால் இனி வருகிற தூள் அத்தனையும் எடுத்துக்கொள்வார். பிடிக்காவிட்டால் கதவைச் சாத்த வேண்டியதுதான் என்று முதலாளி சொல்லிவிட்டார். அந்த வாரம் அப்பா சோற்றுக்குப் பெருங்காயம் கூட வேண்டாம் என்றிருந்தார்.

அம்மா சோறு போட்டுக்கொண்டே மெதுவாக எடுத்தாள். "ஏனுங்க, அந்தம்மா ஆரஞ்சு கேக்குத்தான் வேணுங்கறாங்க. நா என்ன பண்ணட்டும்?"

"ஒலகத்துல வேற கேக்கே இல்லியா? போயும் போயும் இந்த வாரத்துல ஆரஞ்சா?"

"வேசாழக்கெழம நீங்க டீயக் காட்டுங்க, நா கேக்கக் காட்டறன். ரெண்டுல ஒண்ணு தேறுனாப் போதுமுங்க. புள்ள இங்கயே படிக்கும்."

"என்ற டீ தேறும்" என்றார் அப்பா. கேக் வேண்டாம் என்று சொல்லவில்லை.

செவ்வாய்க்கிழமை காலையில் ஒரு கம்பளியையும் இரண்டு லுங்கியையும் சுருட்டிக்கொண்டு ஃபேக்டரிக்கே குடிபோய்விட்டார். "வேசாழக்கெழம முடியறவரைக்கும் நா ஊட்டுக்குள்ள வரமாட்டன். அம்மிணி, சோறு நீ கொண்டா. கைய நல்லாக் கழுவிட்டுக் கொண்டா" என்று எனக்கு உத்தரவு. இருபது எட்டு தூரத்துக்கு ஒரு மனுஷன் பெட்டி படுக்கையோடு போனதைப் பார்த்து, புருஷன் பெண்டாட்டிக்குள் பெரிய சண்டை என்று அக்கம்பக்கத்தில் பேசிக்கொண்டார்கள். அம்மா யாரிடமும் எதையும் விளக்கிக்கொண்டிருக்கவில்லை. அவர் தலை மறைந்ததும் என்னைக் கடைக்கு அனுப்பி ஆரஞ்சு வாங்கிவரச் சொன்னாள். பையோடு முதல் தடவையாக நேரே வீட்டுக்குள் நுழைந்தேன். திருட்டுச் சாமானைக் கொண்டுவந்ததுபோல அதை அரிசிப் பானைக்குப் பின்னால் வைத்தேன்.

வகுப்பில் மின்சார அடுப்பு இருந்தது. எங்களிடம் இருந்தது ஒரு அலுமினியக் குண்டா. அதன் அடியில் இரண்டு விரல்கடை ஆற்றுமணல் பரப்பி, மணல்மேல் கேக் தட்டை வைத்து, தட்டையான மூடி போட்டு, மூடிமேலும் தணலைக் கொட்டிவிடுவது என்று அம்மா கணக்குப் போட்டிருந்தாள். யூகலிப்டஸ் என்கிற கற்பூர மரத்து விறகு வைத்தால் கேக்கில் தைல வாசனை ஏறிவிடும் என்று, வாசனை இல்லாத சீகை மரத்து விறகாகப் பொறுக்கி வைத்திருந்தாள். வாசனைக்குப் பயப்படுவது அதற்குள் அவளுக்கும் தொற்றியிருந்தது. ஆரஞ்சுத் தோலைத் தேங்காய்த் துருவியில் தேய்த்து, சர்க்கரையோடு பிசைந்து, வெண்ணெய் சேர்த்து, முட்டையை மோர் மத்தால் கடைந்து ஊற்றினாள். அந்தத் தோலும் சர்க்கரையும் விரலில் கலந்தபோது எழுந்த மணம் இருக்கிறதே, அதற்குப் பிறகு எத்தனையோ கேக் செய்துவிட்டேன், அப்படி ஒரு மணம் வரவில்லை. இப்போது கோயமுத்தூரில் என் சமையலறையில் கண்ணாடிக் கதவு வைத்த அடுப்பு இருக்கிறது. பழமும் நல்ல பழம்தான். தடுத்து வைத்த பண்டத்துக்கு வருகிற மணம் அதற்கு எங்கிருந்து வரும்?

சூட்டை எப்படி அளப்பது என்பதுதான் அம்மாவின் கவலை. வகுப்பில் கொடுத்த தாளில் நூற்றெண்பது டிகிரி என்று போட்டிருந்தது. சாப்பாடு கொண்டுபோன நான் இதைச் சொன்னதும் அப்பாவுக்கு உற்சாகம் வந்துவிட்டது. அவருக்குத் தெரிந்த சமாச்சாரம். கழித்துப் போட்ட ட்ரையரிலிருந்து கழற்றிய சூடுமானி ஒன்றை, கடிகாரம்போல முகமும் நீளமான கம்பியுமாக இருந்ததை, துடைத்து எடுத்தார். குண்டாவின் மூடியை வாங்கிக்கொண்டுபோய் அதில் ஓட்டை போட்டுக் கொடுத்தார். அதோடு விட்டாரா என்றால் இல்லை. வேலிக்கு வெளியே, மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு வந்து நின்றுவிட்டார். முள் எங்கே நிற்கிறது என்று நான் ஓடி ஓடிச் சொல்ல வேண்டும்.

"இருநூறுக்குப் போயிருச்சுப்பா."

"தணல எடுக்கச் சொல்லு. நூத்தியெம்பதுல நிக்கோணும்."

அம்மா தணலை எடுத்தாள். முள் நூற்றெண்பதில் போய் நின்றது. ஒரு மணி நேரம் ஆயிற்று. மூடியைத் தூக்கிப் பார்த்தால் மாவு அப்படியே பளபளவென்று இருந்தது. "ஏனுங்க, சூடு பத்தாதாட்ட இருக்குதுங்க. வகுப்புல இன்னேரம் செவந்திருக்கும்" என்று அம்மா உள்ளிருந்து குரல் கொடுத்தாள். "மீட்டரு பொய் சொல்லாது புள்ள. பதினஞ்சு வருசமா அதப் பார்த்துத்தான் தீ போடறன். பொறுமையா இரு" என்றார் வேலிக்கு வெளியிலிருந்து. இரண்டு மணி நேரம் கழித்துப் பார்த்தால் ஓரமெல்லாம் தோல்போல் காய்ந்து, நடுவில் களி. "எறக்கி ஆற வெச்சு, இன்னொருக்காத் தீ காட்டு. டீயில அப்படித்தான் பண்ணுவம்" என்றார். இன்னொரு முறை தீ காட்டியதில் களி கெட்டியானது, அவ்வளவுதான். வால்நட்டில் பாதியும் வெண்ணெயில் பாதியும் போயின. அம்மா அந்தத் தட்டை என் முன்னால் வைத்துவிட்டுப் பின்பக்கம் போய்விட்டாள். அவள் அழுகிறாள் என்று தெரிந்தும் நான் முழுக்கத் தின்றேன். எனக்கு அது ருசியாகத்தான் இருந்தது, அம்மாவிடமும் அப்படியே சொன்னேன்.

மறுநாள் புதன்கிழமை காலை பத்து மணி இருக்கும். அப்பா வேலிக்கு வெளியே வந்து நின்றார். மூக்கில் துண்டு இல்லை. துண்டைக் கையில் வைத்துப் பிழிந்துகொண்டிருந்தார்.

"ஏம்புள்ள, உங்க தாள்ல நூத்தியெம்பதுக்குப் பக்கத்துல என்ன எழுத்துப் போட்டிருக்குது?"

அம்மா தாளைப் பார்த்துவிட்டு, "சீ போட்டிருக்குதுங்க" என்றாள்.

"நம்மளுது எஃப்பு." சொல்லிவிட்டு எங்கள் முகத்தைப் பார்க்காமல் தேயிலைச் செடிகளைப் பார்த்தார். "செவுத்துல சாக்பீஸ்ல போட்டுப் பார்த்துட்டு வர்றன். முந்நூத்தியம்பதுக்கு மேல வரோணும். நா அதுல பாதிச் சூட்டுல உன்ற கேக்கக் காய வெச்சிருக்கறன்."

ட்ரையருக்கு இருநூறு என்றாலே பெரிய தீ. அதற்குமேல் போனால் தூள் கருகும். பதினைந்து வருஷமாக அந்த முள்ளை இருநூறைத் தாண்டாமல் பிடித்து வைத்திருந்தவருக்கு, ஒரு பண்டம் முந்நூற்றைம்பதில் வேகும் என்பதே தோன்றியிருக்காது. அம்மா அவரை ஒரு நிமிஷம் முறைத்துப் பார்த்தாள். திட்டப்போகிறாள் என்று நினைத்தேன். அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வேலிக்கு உள்ளே அவளும் வெளியே அவரும் நின்று சிரித்ததை நான் வாசலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். விலை விழுந்த அந்த வருஷத்தில் அவர்கள் இருவரும் சேர்ந்து சிரித்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

மீதியிருந்த வால்நட் போதாது. மாமா கொடுத்தனுப்பிய நிலக்கடலையை வறுத்து, தோல் ஊதி, ஒன்றிரண்டாகத் தட்டி அதோடு சேர்த்துக்கொள்ளலாம் என்று அம்மா முடிவு செய்தாள். அன்று முழுக்கச் சாரல். நனைந்த விறகோடு மல்லுக்கட்டியதில் பொழுது சாய்வதற்குள் அவளுக்கு ஜலதோஷம் பிடித்துக்கொண்டது. நான் அப்பாவுக்குச் சாப்பாடு கொண்டுபோனேன். எப்போதும் என் கையைப் பிடித்து முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் தூக்குப்போசியை வாங்குவார். அன்றைக்கு முகர்ந்து பார்க்கவில்லை. வேலை மும்முரம்போல என்று நினைத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

வியாழக்கிழமை விடிந்ததும் அம்மா அடுப்பு மூட்டினாள். இந்தத் தடவை மூடிமேல் தணலைக் குவித்து, முள்ளை முந்நூற்றைம்பதுக்கு ஏற்றினாள். முக்கால் மணியில் கேக் உப்பி, நடுவில் லேசாக வெடித்து, நல்ல பொன்னிறத்தில் வெளியே வந்தது. ஒன்பது மணி பஸ்ஸைப் பிடிக்க வேண்டும். ஆனால் அம்மாவுக்கு மூக்கு சுத்தமாக அடைத்திருந்தது. ஓரத்தில் கிள்ளி வாயில் போட்டுப் பார்த்தாள். "ஒண்ணுமே தெரீலியே கண்ணு. மண்ணத் தின்ன மாதிரி இருக்குது. நீ சொல்லு." நான் நன்றாக இருக்கிறது என்றேன். முந்தாநாள் களியையும் நான் அப்படித்தான் சொன்னேன் என்பது அவளுக்கு நினைவிருந்தது.

அப்போது அப்பா வேலிக்கு அந்தப் பக்கம் வந்து நின்றார். "வெந்துச்சா?" என்றார்.

"வெந்துருச்சுங்க. ருசிதான் தெரீல, எனக்கு மூக்கடச்சிருக்குது. நீங்க போங்க, வேபாரி வர்ற நேரம்."

அப்பா வேலிக் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தார். நான் பயந்தே போனேன். வீடு பூராவும் ஆரஞ்சு மணம் நிற்கிறது, அவர் செருப்பைக் கழற்றிவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு, அடுப்படியில் வந்து சம்மணம் போட்டு உட்கார்ந்தார். "ஒரு துண்டு வெட்டு" என்றார்.

"ஏனுங்க, உங்க வாயி கெட்டுப்போயிருமுங்க."

"வெட்டு புள்ள."

அம்மா வெட்டிக் கொடுத்தாள். அவர் கண்ணை மூடிக்கொண்டு, டீயைக் குடித்துப் பார்க்கும்போது செய்வதுபோலவே, வாயின் எல்லாப் பக்கமும் கொண்டுபோய் மெதுவாக மென்றார். விழுங்கினார். நாக்கை மேலண்ணத்தில் ஒரு தடவை தடவிப் பார்த்தார். "கசக்குது" என்றார். அம்மாவின் முகம் செத்துப்போனது. "மொதல்ல தெரியாது. முழுங்குனதுக்கப்பறம் பின்னால வருது. தோலத் தேய்க்கறப்ப உள்ள இருக்கற வெள்ளையும் சேர்ந்துருச்சு."

"இப்ப என்னங்க பண்றது?"

"பயப்படாத. சாறு இருக்குதில்ல? சக்கரையப் போட்டுப் பாகாக் காச்சி, சூட்டோட மேல ஊத்து. கசப்பு முழுக்கப் போவாது. ஆனா கூட ஒரு இனிப்பு நின்னா அது நல்ல கசப்பாத் தெரியும். கடலை நல்லாருக்குது. வால்நட்டை உட அதுதான் நல்லாருக்குது."

அம்மா பாகு காய்ச்சி ஊற்றினாள். கேக் அதை உறிஞ்சிக்கொள்வதை மூன்று பேரும் பார்த்துக்கொண்டிருந்தோம். பிறகு அம்மா கேட்டாள். "உங்க டீ என்னங்க ஆச்சு?"

"அந்தாளு வர்லியாம். நேத்து மத்தியானமே சொல்லிட்டாங்க. இந்த வாரத்தோட சாத்தறாங்க."

"நேத்தேவா? அப்பறம் எதுக்குங்க ராத்திரி அந்தக் குளுர்ல அங்கயே படுத்தீங்க?"

அப்பா தட்டில் ஒட்டியிருந்த துணுக்குகளை விரலால் கூட்டிக்கொண்டிருந்தார். "ஊட்டுக்குள்ள வந்துட்டா முடிஞ்சுபோச்சுன்னு ஆயிருமில்ல" என்றார்.

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அம்மா அழவில்லை. கத்தியை எடுத்து, பாகு ஊறிய கேக்கில் இன்னொரு துண்டு வெட்டி அவர் தட்டில் வைத்தாள். "காட்டப்போற கேக்க எதுக்கு வெட்டற?" என்று அப்பா கேட்டதற்கு, "தின்னுங்க" என்று மட்டும் சொன்னாள். அவர் தின்று முடிக்கும் வரை பஸ்ஸைப் பற்றிப் பேசவே இல்லை.

ஓடிப்போய்த்தான் பஸ்ஸைப் பிடித்தோம். பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட்டுவிட்டு நானும் தட்டைப் பிடித்துக்கொள்ளப் போனேன். பங்களாவின் சாப்பாட்டு அறை மேஜையில் அம்மா துணியை விலக்கினாள். அந்த அம்மையார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்து பார்த்தார். வட்டக் கேக்கில் இரண்டு துண்டு இல்லாமல் பள்ளமாக இருந்தது. "என்னது, எனக்கு முன்னாடியே யாரோ சாப்பிட்டுட்டாங்க போலிருக்கே?" என்றார். கோபமா கேலியா என்று தெரியவில்லை. எங்கள் வீடும் என் பள்ளிக்கூடமும் மலையும் அந்தப் பள்ளத்தில் விழுந்துவிட்டதாகவே எனக்குப் பட்டது.

அம்மா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள். "என்ற ஊட்டுக்காரருங்க. டீ மேக்கருங்க அவரு. அவரு வாயில வெச்சுச் சொல்லாம எங்கூட்டுலிருந்து ஒண்ணும் வெளிய போகாதுங்க."

"அப்படியா. என்ன சொன்னார்?"

"கசக்குதுன்னாருங்க. பாகு ஊத்தச் சொன்னாருங்க. ஊத்துனதுக்கப்பறம் ஒண்ணும் சொல்லலீங்க, தின்னுட்டாருங்க."

அம்மையார் சிரித்துவிட்டார். ஒரு துண்டு தின்றார், கடலை போட்டது யார் யோசனை என்று கேட்டார், இன்னொரு துண்டும் தின்றார். அடுத்த திங்கட்கிழமை வந்துவிடச் சொன்னார். நாங்கள் மலையிலேயே இருந்தோம்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து அம்மாவிடம் கேட்டேன். ஃபேக்டரியைத்தான் சாத்தப்போகிறார்களே, அப்பா இப்போது டீ மேக்கர் இல்லையே, அந்த அம்மாவிடம் ஏன் அப்படிச் சொன்னாய் என்றேன். அம்மா காலித் தட்டை மடியில் வைத்துக்கொண்டு வெளியே பார்த்தபடி வந்தாள். அவளுடைய மூக்கடைப்பு இன்னும் போகவில்லை.

"காலையில ஊட்டுக்குள்ள வந்து உட்கார்ந்து அவரு என்ன வேலை பார்த்தாரு கண்ணு? அந்த வேலையத்தான பார்த்தாரு" என்றாள்.